நான் நிரப்பிய கட்டம்

வெறுமையாகக் கிடக்கும் கட்டத்தை என்னால் நெடுநேரம் பார்த்துக்கொண்டிருக்க முடியாது. தென் லண்டனில் ஒரு பஸ் கராஜில் இருபத்தாறு ஆண்டுகள் நேர அட்டவணை எழுதினேன். அந்த வேலையில் ஒரு கட்டம் வெறுமையாக இருந்தால், எங்கோ ஒரு தரிப்பிடத்தில் ஆட்கள் மழைக்குள் நிற்கிறார்கள் என்று பொருள். ஓய்வு பெற்ற பிறகும் அந்தப் பதற்றம் என்னை விட்டுப் போகவில்லை. மருத்துவமனைப் படிவத்தில் எனக்குப் பொருந்தாத கேள்விக்குக்கூட ஒரு கோடாவது கீறிவிட்டுத்தான் கொடுப்பேன்.

கோலியர்ஸ் வுட்டில் என் அறையில் நீளமான கொப்பிகள் ஒன்பது இருக்கின்றன. லண்டனுக்கு வந்த முதல் மாதத்திலிருந்து இங்கே நான் பார்த்த தமிழ் நாடகங்கள் எல்லாம் அவற்றில் உண்டு. திகதி, கிழமை, மண்டபம், தொடங்க வேண்டிய நேரம், தொடங்கிய நேரம், நடித்தவர்கள், இடையில் என்ன பிழைத்தது. தொடங்க வேண்டிய நேரமும் தொடங்கிய நேரமும் ஒத்துப்போன நாடகம் ஒன்றுகூட இல்லை. அவற்றோடு சின்னக் கொப்பிகளும் இருக்கின்றன. அவை நாட்குறிப்புகள். ஒரு நாளைக்கு இரண்டு மூன்று வரி: வீட்டுக்கு யார் வந்தது, எந்த ரெயின் ஓடாமல் நின்றது, எங்கிருந்து தொலைபேசி வந்தது.

வியாழக்கிழமைகளில் யூஸ்ரன் பக்கத்துப் பெரிய நூலகத்துக்குப் போவேன். அங்கேதான் அமெரிக்காவின் ஆரம்பகால நாடகமேடையில் மாட்டிக்கொண்டேன். வேறு எதையோ தேடப் போய், நியூயோர்க் அரங்குகளில் எந்த மாலை என்ன நாடகம் நடந்தது என்று யாரோ ஒருவர் வரிசையாகத் தொகுத்த பழைய புத்தகம் கையில் வந்தது. என்னைப் போல ஒரு ஆள் என்று நினைத்துக்கொண்டேன். இரண்டு ஆண்டுகளாக அதைத் தொடர்ந்து வாசிக்கிறேன்.

அந்த நாடு பிறந்தது இந்த நகரத்தோடு சண்டை பிடித்து. சண்டை நடந்த காலத்தில் நியூயோர்க்கைப் பிடித்து வைத்திருந்த பிரித்தானிய அதிகாரிகள் தாங்களே அங்கே நாடகம் போட்டார்கள். அவர்கள் நகரத்தை விட்டுக் கப்பலேறிய நவம்பர் இருபத்தைந்தாம் திகதியை அதன் பிறகு வந்தவர்கள் ஆண்டுதோறும் அரங்குகளில் கொண்டாடினார்கள். பெரிய துணியில் தங்கள் தளபதியின் உருவத்தை வரைந்து, பின்னால் விளக்கு வைத்து ஒளிரச் செய்தார்கள். இன்னொரு ஊரில் மேடைமேல் ஒரு குன்றையே கட்டி, துப்பாக்கிப் புகையும் எரிகிற பட்டினமும் காட்டினார்கள். உண்மையான சண்டையில் தலையில் குண்டு பட்டு அந்த இடத்திலேயே செத்த வேறொரு தளபதி, மேடையில் நீளமாகப் பேசி முடித்துவிட்டே செத்தார். இவர்களாக நடித்தவர்களில் பெரும்பாலானோர் இங்கிலாந்தில் பிறந்த நடிகர்கள்.

ஒரு சம்பவம் எனக்கு அப்போது பிடிக்கவே இல்லை. மேடையில் ஒரு இளம் அதிகாரி, நண்பனைத் தூக்கிலிடப் போகிறார்கள் என்ற கோபத்தில், தொப்பியில் இருந்த தன் நாட்டுச் சின்னத்தைப் பிடுங்கி எறிகிறான். பார்வையாளர்கள் சீறினார்கள். அடுத்த தடவை மேடையேறுவதற்குள் ஆசிரியர் காட்சியைத் திருத்திவிட்டார். அந்தப் பக்கத்தை வாசித்த அன்று என் குறிப்பில் "ரசனை இல்லாத கூட்டம்" என்று எழுதினேன். அரங்கில் உட்கார்ந்திருப்பவன் வாயைத் திறக்கக்கூடாது என்பது என் கட்சி. நாற்பது ஆண்டுக்குக் கிட்ட நாடகம் பார்த்தவன், ஒரு தடவைகூடத் திறந்ததில்லை.

அந்தப் புத்தகத்திலிருந்து இரண்டு எச்சரிக்கைகளை எடுத்து என் மேசைக்கு மேலே எழுதி ஒட்டியிருக்கிறேன். முதலாவது: அச்சடித்த நிகழ்ச்சித் தாள் சாட்சி அல்ல; அது நடக்கப்போவதைச் சொல்கிறதே தவிர நடந்ததை அல்ல. இரண்டாவது: செய்தி வந்த நாள் சம்பவம் நடந்த நாள் அல்ல. அந்தக் காலத்தில் ஒரு சண்டையின் செய்தி குதிரையிலும் கப்பலிலும் வந்துசேர வாரக்கணக்கானது. பத்திரிகையின் திகதியைப் பார்த்து எழுதியவர்கள் எல்லாரும் பிழை விட்டார்கள். இரண்டையும் ஒட்டி வைத்துக்கொண்டுதான் நானும் பிழை விட்டேன்.

இந்த ஆண்டு தை மாதம் ஹரோவில் ஒரு பல் மருத்துவர் என்னைக் கூப்பிட்டார். சனிக்கிழமைத் தமிழ் வகுப்புக்கு மகளைக் கூட்டிவரும் தாய்மாரில் ஒருவர். நாடகம் நெறிப்படுத்துவார், நன்றாகச் செய்வார். போர் முடிந்த மே பதினெட்டை ஒட்டிய ஞாயிறு பெற்றோர் கொமிற்றி நடத்தும் நினைவு நிகழ்வுக்கு, இரண்டாயிரத்து ஒன்பதில் அந்தப் போரின் கடைசி மாதங்களைப் பற்றி ஒரு நாடகம் எழுதியிருந்தார். திகதிகளைச் சரிபார்க்க ஒருவர் வேண்டும் என்றார்.

"உங்களுக்குத்தான் அண்ணை இந்த வருத்தம் இருக்காம்," என்றார், ஒரு நோயைச் சொல்வதுபோல.

"என்ன வருத்தம்?"

"திகதி வருத்தம்."

ஒத்திகைகள் ஞாயிறு பின்னேரங்களில், வகுப்பு நடக்கும் பள்ளிக்கூட மண்டபத்தில். எதிர்த்தரப்புச் சிப்பாயாக நடிக்க யாரும் முன்வரவில்லை. கடைசியில் ரூட்டிங்கில் இருந்து வந்த ஒரு கணக்காளர், உயரமானவர் என்ற ஒரே காரணத்துக்காகப் பிடிபட்டார். சீருடையோடு எடுத்த படத்தை மனைவி குடும்ப வட்சப்பில் போட்டதிலிருந்து மாமியார் தன்னோடு கதைப்பதில்லை என்று சொல்லிக்கொண்டு திரிந்தார். அது துக்கமா நிம்மதியா என்று தெரியவில்லை. லண்டன்காரன் அமெரிக்கத் தளபதியாக மேடையேறிய கதையை அவருக்குச் சொன்னேன். "அவங்களுக்கு மாமி இருந்திருக்க மாட்டா," என்றார்.

அதைவிடப் பெரிய சிக்கல், பிணமாகப் படுப்பவர். கடைசிக் காட்சியில் ஒருவர் மேடை நடுவில் செத்துக் கிடக்க வேண்டும். அவருக்குப் பின்னால் நடிகர்கள் வரிசையாக நிற்க, போரில் இழந்தவர்களின் பெயர்கள் ஒவ்வொன்றாக வாசிக்கப்படும். இருபது நிமிடம் அசையாமல் கிடக்க ஒப்புக்கொண்டவர் ஒரு பஸ் சாரதி. முதல் நாளே கைத்தொலைபேசியில் திசை பார்த்தார்.

"தங்கச்சி, உந்தப் பக்கம் வடக்கு. வடக்க தலை வைச்சுப் படுக்க ஏலாது."

"அப்ப மேற்கை வைச்சுச் சாகுங்கோ அண்ணை," என்றார் பல் மருத்துவர்.

"முடிஞ்ச உடன கற்பூரம் சுத்த வேணும். இல்லாட்டி மனுசி வீட்டுக்குள்ள விடாது."

பள்ளிக்கூடப் பராமரிப்பாளர் நெருப்பு என்ற பேச்சையே எடுக்கவிடவில்லை. புகை பட்டால் கூரையில் இருப்பதெல்லாம் கத்தும், தீயணைப்பு வண்டி வரும் என்றார். ஆகவே ஒவ்வொரு ஒத்திகைக்குப் பிறகும் ஒரு தேசிக்காயால் அவருக்குத் திருஷ்டி சுற்றினார்கள். அந்தத் தேசிக்காயை அவர் பொக்கற்றுக்குள் வைத்துக்கொள்வார்.

"நாளைக்கு விடிய பஸ் சில்லுக்குக் கீழ வைப்பன். ரெண்டு வேலையும் ஒண்டில முடியும்."

பட்டியல் என் பொறுப்பாயிற்று. நினைவுகூர விரும்பும் உறவின் பெயர், ஊர், நாள் கேட்டுக் கொமிற்றி குடும்பங்களுக்குப் படிவம் அனுப்பியிருந்தது. அறுபத்தொரு படிவங்கள் திரும்பி வந்தன. அவற்றை அட்டவணையாக்கி, மூன்றாம் நிரலுக்கு "மறைந்த நாள்" என்று தலைப்புப் போட்டேன். படிவத்தில் வெறுமனே "நாள்" என்றுதான் இருந்தது. நாள் தெரியாத சிலர் மே பதினெட்டையே எழுதியிருந்தார்கள். அறுபது கட்டங்கள் நிரம்பின. ஒன்று வெறுமையாக நின்றது.

அந்தப் பெயர் எனக்குத் தெரிந்த பெயர். அவரை நான் கண்டதில்லை. அவருடைய மனைவியைத் தெரியும். இரண்டாயிரத்து ஒன்பதில் நான் இதே கோலியர்ஸ் வுட்டில் வேறொரு வீட்டில் மேல் அறையில் வாடகைக்கு இருந்தேன். கீழே ஒரு குடும்பம். அந்த வீட்டுக்காரரின் தங்கை, ஒன்பது வயது மகளோடு முந்தின ஆண்டுதான் வந்து சேர்ந்திருந்தார். கணவன் வன்னியில் நின்றுவிட்டார். பிறகு வருவதாக ஏற்பாடு. அவர் வரவில்லை. எங்கே, எப்போது, என்ன ஆனார் என்று சொல்ல இன்றுவரை ஒருவரும் இல்லை. அந்தப் பெண் இப்போது மனோர் பார்க்கில், கோயிலுக்குக் கிட்ட இருக்கிறார். அவர்தான் அந்தப் படிவத்தை அனுப்பியிருந்தார். பெயரும் ஊரும் அழகான கையெழுத்தில் இருந்தன. நாள் இல்லை.

இரண்டு நாள் அந்தக் கட்டத்தோடு இருந்தேன். தேநீர் குடிக்கப் போனால் திரும்பி வந்து பார்ப்பேன். மறந்துபோய் விட்டிருப்பார் என்று எனக்கு நானே சொன்னேன். மூன்றாம் நாள் அந்த ஆண்டின் சின்னக் கொப்பியை எடுத்தேன். ஒரு பக்கத்தில் இருந்தது: "கீழ் வீட்டுக்கு வன்னியிலிருந்து அழைப்பு. சற்றலைற் ஃபோன். இரண்டு நிமிடம்." அதன் கீழே வேறு பேனையில், பின்னர் எழுதியது: "அதற்குப் பிறகு இல்லை." அந்தப் பக்கத்தின் திகதியை எடுத்து வெறுங்கட்டத்தில் போட்டேன். பக்கத்தில் ஒரு கேள்விக்குறியும் போட்டேன். அறுபது சுத்தமான திகதிகளுக்கு நடுவே அது அசிங்கமாகத் தெரிந்தது. எடுத்துவிட்டேன். அந்தத் திகதியை இங்கே எழுதப் போவதில்லை.

நிகழ்வுக்கு நாலு நாளுக்கு முன், புதன்கிழமை காலை, அந்தப் பெண் தொலைபேசியில் வந்தார். பட்டியலோடு அச்சடித்த நிகழ்வுக் கையேடு ஒன்று அவருக்குக் கிடைத்திருந்தது.

"அண்ணை, நீங்கள்தானே பட்டியல் செய்தது? ஒருக்கா வீட்டுக்கு வந்திட்டுப் போக ஏலுமே?"

குரலில் கோபம் இல்லை. அதனாலேயே நான் குடையையும் எடுக்காமல் வெளிக்கிட்டேன். மூர்கேற்றில் மாறி எலிசபெத் லைனில் மனோர் பார்க் போகும்வரை ஆசனம் இருந்தும் உட்காரவில்லை.

"வாங்கோ அண்ணை. பாத்து, வழி முழுக்கப் பெட்டி," என்றார். கூடம் நிறையப் பலகாரத் தட்டுகளும் சாறிப் பெட்டிகளும். மகளுக்கு ஆவணியில் கலியாணம். மேசையில் இரண்டு தாள்களைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்தார். ஒன்று எங்கள் கையேடு. மற்றது மகளின் அழைப்பிதழ். அதில் மணமகளின் பெற்றோராக அவர் கணவனின் பெயரும் அவர் பெயரும் இருந்தன. கணவனின் பெயருக்கு முன்னால் "காலஞ்சென்ற" என்ற சொல் இல்லை.

"ரெண்டும் அச்சில வந்ததுதான். ஆக்கள் எதை நம்புவினம், சொல்லுங்கோ."

நான் இரண்டு தாள்களையும் மாறி மாறிப் பார்த்தேன்.

"மாப்பிள்ளையின்ர மாமி, தகப்பன்ர அக்கா, உங்கட கொமிற்றியில இருக்கிறா. ஞாயிற்றுக்கிழமை அவையின்ர ஆக்கள் முழுப்பேரும் ஹரோவுக்கு வருவினம். நிச்சயார்த்தத்தில நான்தான் குத்துவிளக்குக் கொளுத்தினனான். ஒருத்தரும் ஒண்டும் சொல்லேல்லை. இந்தத் திகதியை மேடையில வாசிச்சா, பேந்து மணவறைக்குக் கிட்ட என்னை விடலாமோ எண்டு கதைக்கத் தொடங்குவினம். வடிவா, மரியாதையாத்தான் கதைப்பினம். அதுதான் பயம்."

அப்போது நான் ஒரு மடைத்தனமான கேள்வி கேட்டேன். "அவர் இருக்கிறார் எண்டு உங்களுக்கு நம்பிக்கையோ, தங்கச்சி?"

"இவ்வளவு வருசத்தில அதை ஒருத்தரும் என்னட்டைக் கேக்கேல்லை அண்ணை. நீங்களும் கேக்காதேங்கோ. நான் அந்த இடத்தை எழுதாமல் விட்டனான். எழுதினது ஆர்?"

"நான்தான்."

"ஏன்?"

"வெறுமையா இருந்தது."

அவர் கையேட்டை மூடினார். பிறகு உள்ளே போய்த் தேநீர் கொண்டுவந்தார். பெயரையும் எடுத்துவிடட்டுமா என்று கேட்டேன்.

"பேரை எடுக்க வேண்டாம். பேரை எடுத்தா நானே அவரைக் கைவிட்ட மாதிரி. திகதியை மட்டும் எடுங்கோ."

பல் மருத்துவருக்குத் தெருவில் நின்றே அழைப்பு எடுத்தேன். திரும்ப அச்சடிக்க நேரமில்லை, முந்நூறு கையேடுகள், என்றார். பிறகு அவரே வழி சொன்னார். "சனிக்கிழமை மத்தியானம் கிளினிக் பூட்டினாப் பிறகு வாங்கோ. ஒட்டுவம்."

வெள்ளை ஒட்டுத்தாள்களைச் சின்னத் துண்டுகளாக வெட்டிக்கொண்டு போனேன். கட்டத்தின் அளவு என்னிடம் இருந்தது. அவர் பல்லுக்குப் பாவிக்கும் மெல்லிய இடுக்கிகளில் ஒன்றை எனக்குத் தந்தார், ஒன்றைத் தான் எடுத்தார். நோயாளிக் கதிரைக்கு மேலே இருந்த விளக்கை இழுத்து கையேடுகளுக்கு மேலே பிடித்தோம். அவருடைய கை ஒரு தடவையும் தவறவில்லை. நான் சிலவற்றை உரித்துத் திரும்ப ஒட்டினேன்.

"அண்ணை, வாயைத் திறவுங்கோ எண்டு சொல்லப் பாக்கிறன்," என்றார், நூற்றைம்பதாவதுக்குக் கிட்ட. "நீங்கள் மூச்சே விடுறியள் இல்லை."

முந்நூறையும் முடித்து, இரண்டாம் தடவை புரட்டிப் பார்த்தேன். எல்லாக் கட்டங்களும் நிரம்பியிருக்க, ஒரு கட்டம் மட்டும் வெள்ளை. வீடு போகும்போது வேறு எங்கெல்லாம் அந்தத் திகதி இருக்கக்கூடும் என்று யோசித்துக்கொண்டே போனேன். என் கணினியில் இருந்தது. அழித்தேன். கொமிற்றிக்கு அனுப்பிய மின்னஞ்சலில் இருந்தது. திருத்தி அனுப்பினேன். ஏதோ ஒன்று மிச்சம் என்று உள்ளே அரித்தது. எது என்று பிடிபடவில்லை.

ஞாயிற்றுக்கிழமை நாடகம் ஐந்து மணிக்குத் தொடங்க வேண்டியது, ஐந்து நாற்பத்திரண்டுக்குத் தொடங்கியது. மண்டபம் நிறைந்துவிட்டது. நான் வழக்கம்போல முன்வரிசை ஓரத்தில் கொப்பியோடு. மனோர் பார்க் தங்கை மகளோடு ஆறாவது வரிசையில் இருந்தார். பட்டுச் சாறி இல்லை. ஆனால் நெற்றியில் குங்குமம் பெரிதாக இருந்தது. அவருக்கு இரண்டு வரிசை முன்னால் மாப்பிள்ளையின் மாமி, தன் ஆட்கள் பத்துப் பன்னிரண்டு பேரோடு. நாடகம் நன்றாகவே போனது. கணக்காளர் சிப்பாயாக வந்து நின்றபோது மண்டபம் அசையாமல் இருந்தது. பஸ் சாரதி மேற்கே தலை வைத்துச் செத்தார்.

பிறகு பெயர்கள். வாசித்தவர் ஒருகாலத்தில் வானொலியில் செய்தி வாசித்தவர். எழுபது கடந்தும் குரல் அப்படியே. மேடையோரத்தில் மின்சார மெழுகுதிரிகளுக்கு நடுவே நின்று, பெயர், ஊர், "மறைந்த நாள்", திகதி என்று ஒரே தாளத்தில் வாசித்தார். பத்துப் பதினைந்து பெயர் போன பிறகுதான் அவர் கையில் இருந்த தாளைக் கவனித்தேன். அது கையேடு அல்ல.

மேடையில் மூக்குக்கண்ணாடி போட மாட்டேன் என்று அவர் அடம்பிடித்ததால், மூன்று கிழமைக்கு முன் பெரிய எழுத்தில் தனியாக அடித்துக் கொடுத்த தாள் அது. அடித்துக் கொடுத்தவன் நான். பக்கத்துக்கு ஏழு பெயர். அதில் ஒட்டுத்தாள் இல்லை.

மனோர் பார்க் தங்கையின் கணவனின் பெயர் நாற்பத்தாறாவது. ஏழாம் பக்கத்தில் நாலாவது. வாசிப்பவர் நாலாம் பக்கத்தைப் புரட்டிக்கொண்டிருந்தார். பின்பக்கத்தால் மேடைக்குப் போகலாம் என்று எழுந்தேன். அந்தக் கதவுக்கு முன்னால் ஒலிபெருக்கிப் பெட்டிகளை அடுக்கியிருந்தார்கள். திரும்பி வந்து உட்கார்ந்தேன். பல் மருத்துவர் எதிர்ப்பக்கத் திரைக்குப் பின்னால் நிற்பது தெரிந்தது. கையைக் காட்டினேன். அவர் நாடகம் நன்றாகப் போகிறது என்று சொல்கிறேன் என நினைத்துத் தலையாட்டினார். ஐந்தாம் பக்கம். ஒருவர் பெயருக்குப் பின்வரிசையில் யாரோ விம்மினார்கள். வாசிப்பவர் அதற்கு இடம் விட்டு நின்றார். அந்த இடைவெளிக்காக நான் நன்றி சொன்னேன், யாருடைய துக்கம் என்று பாராமல். ஆறாம் பக்கம். திரும்பிப் பார்த்தேன். மனோர் பார்க் தங்கை கையேட்டைத் திறந்து மடியில் வைத்திருந்தார். வெள்ளைக் கட்டத்தின்மேல் விரல் இருந்தது. அவருக்கு ஒன்றும் தெரியாது, நிம்மதியாக இருந்தார்.

ஏழாம் பக்கம். மூன்று பெயர் போனது. பிறகு அவருடைய பெயர். ஊர்.

"மறைந்த நாள்," என்று தொடங்கினார்.

"நிப்பாட்டுங்கோ," என்றேன்.

எழுந்து நின்றிருந்தேன். என் குரல் எனக்கே அறிமுகமில்லாமல் இருந்தது. வாசித்தவர் தாளைத் தாழ்த்திக் கண்ணைச் சுருக்கி என்னைத் தேடினார். மேடையில் பிணம் தலையைத் தூக்கிப் பார்த்தது. "படுங்கோ, படுங்கோ," என்றார் யாரோ.

"அந்தத் திகதி பிழை ஐயா. அது நான் போட்டது. அவருக்குத் திகதி இல்லை."

முழு மண்டபமும் திரும்பியது. என்னைப் பார்த்த கண்கள் என்னைத் தாண்டி ஆறாவது வரிசைக்குப் போவதைக் கண்டேன். மறைக்க வந்ததை நானே எல்லாருக்கும் காட்டிவிட்டேன் என்பது அப்போதுதான் உறைத்தது. உட்காரவும் முடியவில்லை. வானொலிக்காரர் அனுபவசாலி. தாளை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு, அந்தப் பெயரையும் ஊரையும் பார்க்காமலே இன்னொரு தடவை சொன்னார். அதோடு நிறுத்தினார். ஒரு மூச்சு. அடுத்த பெயருக்குப் போனார்.

கைக்கடிகாரத்தைப் பார்த்திருக்கிறேன், என்னையறியாமல். நாற்பது செக்கன்.

முடிந்த பிறகு பக்கத்து அறையில் தேநீரும் ரோல்ஸும். நான் போகாமல் வாசலைப் பார்த்து நடந்தேன். மாப்பிள்ளையின் மாமி வழியை மறித்தார். ஓய்வுபெற்ற ஆசிரியை, நிறுத்தி நிறுத்திப் பேசுபவர். அவருக்குப் பக்கத்தில், கையில் தேநீர்க் கோப்பையோடு, மனோர் பார்க் தங்கை. சுற்றி அவருடைய ஆட்கள்.

"நீங்கள் அந்தத் திகதியை எங்கயிருந்து எடுத்தனியள்?"

"என்ர கொப்பியிலயிருந்து, அம்மா."

"அப்ப கொப்பிதான் பிழை."

"ஓம்."

"கையேட்டிலயும் இருந்ததோ?"

"இருந்தது. ஒட்டி மறைச்சனாங்கள்."

"கண்டனான். கிளறிப் பாக்கேல்லை." பிறகு பக்கத்தில் திரும்பி, எல்லாருக்கும் கேட்கும்படி சொன்னார். "செவ்வாய்க்கிழமை கூறைச்சாறி எடுக்க ஈஸ்ற்ஹாம் போறம். நாங்கள் எங்கட பாட்டில எடுக்க மாட்டம். பொம்பிளையின்ர தாய் வந்து பாத்து ஓம் எண்டு சொல்ல வேணும். பத்து மணிக்கு நில்லுங்கோ."

இரக்கத்தால் சொன்னாரா, அத்தனை பேருக்கு நடுவே வேறு எதுவும் சொல்ல முடியாமல் போனதால் சொன்னாரா, எனக்குத் தெரியாது. ஆனால் சாட்சிகளை வைத்துக்கொண்டு சொன்னார். இனி அதைத் திருப்பி எடுப்பது கடினம். பஸ் சாரதி கையில் தேசிக்காயோடு எங்களைக் கடந்து போனவர், என் தோளில் தட்டினார். "அண்ணை, பயத்தில உண்மையாவே செத்திருப்பன்."

மகள் நண்பிகளோடு நின்றுவிட, தங்கையும் நானும் மெற்றோபொலிற்றன் லைனில் ஒன்றாக வந்தோம். வெளியே இன்னும் வெளிச்சம் இருந்தது. வெம்பிளி பார்க் தாண்டும்வரை அவர் சாறிக்கடைகளைப் பற்றியே கதைத்தார். நான் மன்னிப்புக் கேட்க ஒரு வசனத்தை ஆயத்தம் செய்து, திருத்தி, மறுபடி திருத்திக்கொண்டிருந்தேன். பேக்கர் ஸ்றீற்றில் ஆட்கள் இறங்கிப் பெட்டி கொஞ்சம் காலியானது.

"அண்ணை, அந்தத் திகதி உண்மையாவே பிழை," என்றார்.

"ஓம், அதை மறைந்த நாள் எண்டு போட்டது..."

"அது இல்லை. அவர் கடைசியாக் கதைச்ச நாளும் அது இல்லை. நீங்கள் படியில நிண்டு கேட்டது வேற அழைப்பு. அவரோட நிண்ட ஒரு பெடியன் எடுத்துச் சேதி சொன்னவன், ஆள் சுகமா இருக்கிறார் எண்டு. சேதி வந்த நாளைத்தான் நீங்கள் எழுதி வைச்சிருக்கிறியள். அவர் என்னோட கதைச்சது வேற நாள். வீட்டில ஒருத்தரும் இல்லை அப்ப."

என் மேசைக்கு மேலே ஒட்டியிருக்கும் இரண்டாவது எச்சரிக்கை நினைவுக்கு வந்தது. அதை எழுதிய மையின் நிறம்கூட.

"எந்த நாள்?" என்று கேட்டேன். கேட்காமல் இருக்க முடிந்திருந்தால் நல்லது.

அவர் சிரித்தார். "உங்களைத் திருத்த ஏலாது, என்ன?" பிறகு ஜன்னலில் தெரிந்த தன் முகத்தைப் பார்த்து, குங்குமத்தை ஒரு விரலால் சரி செய்தார். "அது என்னட்டை இருக்குது அண்ணை. இருக்கட்டும்."

மூர்கேற்றில் நான் இறங்கினேன். அவருக்கு இன்னும் ஒரு தரிப்பிடம். கதவு மூடும்போது கையைக் காட்டினார்.

நோர்தேர்ன் லைனில் உட்கார்ந்து கொப்பியைத் திறந்தேன். தொடங்க வேண்டிய நேரம், தொடங்கிய நேரம். இடையில் என்ன பிழைத்தது என்ற இடத்தில் எழுதினேன்: "பெயர்கள் வாசிக்கும்போது பார்வையாளர்களில் ஒருவர் குறுக்கிட்டார். நாற்பது செக்கன்." மூடினேன். வீட்டில் ஒருவரும் இல்லாத நாள் என்றாரே. அவருடைய அண்ணனுக்கு ஞாயிறு தவிர எல்லா நாளும் வேலை. அண்ணி செவ்வாயும் வெள்ளியும் கடைக்குப் போவார். மகள் பள்ளிக்கூடத்தில் என்றால் விடுமுறை நாளாக இருக்க முடியாது. நான் பகல் ஷிப்ட் இல்லாவிட்டால் மேலே இருந்திருப்பேன். ஆகவே நானும் வேலைக்குப் போன நாள். அந்த மாதத்து ஷிப்ட் பட்டியல் வீட்டில் எந்தப் பெட்டியில் இருக்கிறது என்பதுவரை தெரிந்தது. இரண்டு கிழமைக்குள் விழும் நாலு நாளாகச் சுருக்கிவிட்டேன்.

ஸ்ரொக்வெல்லில் எழுந்து இறங்கினேன். அது என் தரிப்பிடம் அல்ல; வீட்டில் அந்தப் பெட்டி இருந்தது. ரெயின் மேடையில் இந்தக் கரைக்கும் அந்தக் கரைக்கும் நடந்தேன். ஒரு ரெயின் வந்து போனது. இரண்டாவதும் போனது. மூன்றாவது வந்தபோது ஏறி, உட்காராமல், கதவோரத்தில் நின்றுகொண்டு வந்தேன்.